தேனுக்கு ஒரு அமுக்கு, பழத்துக்கு ஒரு அமுக்கு

நான் ஒருமுறை செத்திருக்கிறேன். ரகசியமாக அல்ல. காஞ்சிபுரத்தில், பட்டப்பகலில், ஒரு கூட்டமே சுற்றி நின்று வேடிக்கை பார்க்கும்போது செத்தேன். என் அப்பா முதுகுக்குப் பின்னால் நின்றிருந்தார். சாகும்போது என் பை நிறையப் பழம் இருந்தது. செத்த காரணம் பட்டினி.

(துக்கம் விசாரிக்க யாரும் கிளம்பிவிட வேண்டாம். செத்தது கம்ப்யூட்டர் திரைக்குள். மானம் போனது மட்டும்தான் வெளியில்.)

தெருவுக்கு ஒரு பிரவுசிங் சென்டர் முளைத்துக்கொண்டிருந்த காலம் அது. கரீம் பாய் தன் சரிகைக் கடையின் மாடியில் ஒன்று திறந்திருந்தார். கீழே சரிகை, மேலே இன்டர்நெட். இன்டர்நெட் பாதி நேரம் வராது. வராத நேரத்தில் வாடிக்கையாளர்கள் எழுந்து போய்விடக் கூடாதே என்று சென்னையிலிருந்து சில விளையாட்டு சிடிக்கள் வாங்கி வந்து போட்டிருந்தார். அதில் ஒன்றின் மேல் எழுதியிருந்த பெயர் யாருடைய வியர்வையிலோ அழிந்து போயிருந்தது. நாங்கள் அதற்கு ‘காடு’ என்று பெயர் வைத்தோம். “பாய், ஒரு மணி நேரம் காடு” என்றால் அவருக்குப் புரியும்.

காடு வித்தியாசமான ஆட்டம். துப்பாக்கி கிடையாது, வில்லன் கிடையாது. ஒரு சின்ன விமானம் மலைக்காட்டில் விழுந்துவிடும். கிழிந்த சட்டையோடு ஒருவன் மட்டும் பிழைத்து எழுவான். அவன்தான் நாம். மீட்பு விமானம் வருகிற காலை வரை அவனை உயிரோடு வைத்திருக்க வேண்டும். திரையின் மேலே பசி, தாகம், குளிர் என்று மூன்று கோடுகள். எந்தக் கோடு தீர்ந்தாலும் ஆள் காலி.

ஆரம்பத்தில் நான் செத்த விதங்களை எழுதினால் அதுவே ஒரு புத்தகம் ஆகும். முதல் ஆட்டத்தில் வீரமாகக் காட்டைச் சுற்றிப் பார்க்கக் கிளம்பினேன். இருட்டியது, திரும்பும் வழி தெரியவில்லை, விறைத்துச் செத்தேன். அடுத்த ஆட்டத்தில் ஓடைத் தண்ணீரை அப்படியே குடித்துக் காய்ச்சலில் போனேன். பிறகு சிவப்பாக அழகாக இருந்த ஒரு பழம். பிறகு பாறை வழுக்கல். ஒருமுறை நானே மூட்டிய நெருப்பில் நானே படுத்துத் தூங்கினேன். (அதெப்படி முடியும் என்று கேட்காதீர்கள். முடிந்தது.)

செத்துச் செத்துத்தான் எனக்கு ஞானம் வந்தது. விழுந்து எழுந்ததும் ஓடாதே, நின்று நாலு பக்கமும் பார். சாப்பாட்டைத் தேடும் முன் சுள்ளி பொறுக்கு. தண்ணீருக்குப் பக்கத்தில், ஆனால் மேட்டில், குடிசை போடு. தண்ணீரைக் கொதிக்க வைக்காமல் குடிக்காதே. பசிக்கோடு பாதிக்கு வரும்போதே சாப்பிட்டுவிடு, சிவப்பாகும் வரை காத்திருக்காதே. இதையெல்லாம் புதிதாக வருபவர்களுக்கு நான் இலவசமாகப் போதித்தேன். அவர்கள் கேட்காவிட்டாலும் போதித்தேன். டிகிரி முடித்துவிட்டு வேலையில்லாமல் இருந்த எனக்கு, உலகத்தில் உருப்படியாகத் தெரிந்த ஒரே விஷயம் அதுதான்.

இங்கே என் வீட்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். நாங்கள் காஞ்சிபுரத்தை ஒட்டிய திருப்பருத்திக்குன்றத்து ஜைனர்கள். கறி, மீன், முட்டை கிடையாது என்பது எல்லாருக்கும் தெரியும். எங்கள் வீட்டில் தேனும் கிடையாது, தேனீக்களின் உழைப்பைப் பிடுங்கக் கூடாது. கிழங்கு கிடையாது. பொழுது சாய்ந்தபின் சாப்பாடும் கிடையாது. இருட்டில் ஒரு பூச்சி தெரியாமல் வாய்க்குள் போய்விட்டால் அதுவும் ஒரு உயிர்தானே. கரீம் பாய் ரமலான் மாதத்தில் என்னைக் கேலி செய்வார்: “நான் வாயத் தொறக்கற நேரத்துல நீ மூடிக்கிறியேப்பா!”

என் அப்பா இன்னும் ஒரு படி மேலே போனவர். பட்டுக்காகப் புழுவைக் கொதிநீரில் போடுகிறார்கள் என்பதால் காஞ்சிபுரத்தில் இருந்துகொண்டு பட்டு விற்க மாட்டேன் என்றவர். பருத்தித் துண்டும் லுங்கியும்தான் விற்றார். வெளியூரிலிருந்து கல்யாணப் புடவை எடுக்க வருகிறவர்கள் வழி தவறி எங்கள் கடைக்குள் நுழைந்தால், மிகுந்த மரியாதையோடு துண்டு எடுத்துக் காட்டுவார். “ஊர் பேர்லயே பருத்தி இருக்குது, இதுக்கு மேல இன்னா வோணும்?” என்பது அவருடைய வாதம். என் அம்மா முகூர்த்தத்தில் கட்டியதே நூல் புடவைதான். அதை அம்மா இன்னும் மன்னிக்கவில்லை.

அப்படிப்பட்டவருடைய மகன் காட்டுக்குள் என்ன செய்தான்? முயலை மட்டும் தொடவில்லை. அதற்குக் கை வரவில்லை. மற்றபடி, தேன்கூட்டைப் புகை போட்டுக் கலைத்தான். கிழங்கைத் தோண்டினான். பொழுது சாய்ந்தால்தான் அவனுக்குப் பசியே எடுக்கும். கரீம் பாய் மாடியில் என் ஆள் ஜைனன் இல்லை என்று நானே தீர்ப்பு சொல்லி வைத்திருந்தேன்.

என் போட்டியாளன் சேஷாத்ரி. சின்ன காஞ்சிபுரத்தில் வேதம் படித்த குடும்பம். வெங்காயம் போட்ட வடையை மோந்துகூடப் பார்க்க மாட்டான். ஆனால் காட்டுக்குள் இறங்கிவிட்டால் முயல், மான், கரடி எதையும் விடமாட்டான். நெற்றியில் நாமத்தோடு உட்கார்ந்து அவன் மானை உரிக்கிற அழகைப் பார்க்கவே கூட்டம் வரும். “தோஷமாவது ஒண்ணாவது? கம்ப்யூட்டர்ல கொன்னா கணக்குல வராதுடா” என்பான்.

இந்தச் சமயத்தில்தான் கரீம் பாய்க்கு ஒரு யோசனை வந்தது. கீழே சரிகை வியாபாரம் சூடு பிடித்துவிட்டதால் மாடியைப் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் தேவைப்பட்டது. எனக்கும் சேஷாத்ரிக்கும் அந்த வேலை மேல் கண். அவனுக்கு ஆசை, எனக்கு அவசியம். ஏனென்றால் எனக்காக வந்தவாசியில் என் மாமாவின் அரிசி ஆலை காத்திருந்தது. வேலை கிடைக்காவிட்டால் பொங்கல் முடிந்ததும் அங்கே போக வேண்டும் என்று அப்பா முடிவு செய்துவிட்டார். எனக்குத் தவிடு மூக்கில் ஏறினால் தும்மல் நிற்காது. மாமாவுக்கோ மனிதர்களிடம் மெதுவாகப் பேசத் தெரியாது. தும்மிக்கொண்டே திட்டு வாங்கும் ஒரு வாழ்க்கை என் கண் முன்னால் விரிந்தது.

“ரெண்டு பேருக்குமே கம்ப்யூட்டர் தெரியும். எனக்கு வோண்டியது பொறுமை” என்றார் பாய். “நாளைக்கு மத்தியானம் காடு போடலாம். பிளேன் வர்ற வரைக்கும் எவன் உசுரோட இருக்கானோ, அவன் கடையிலயும் நிப்பான்.”

மறுநாள் மத்தியானம் மாடியில் நிற்க இடமில்லை. எனக்கு ஒரு கம்ப்யூட்டர், சேஷாத்ரிக்கு ஒன்று. மூன்றாவது காலியாக இருந்ததால் பாயின் அக்கா மகள் நஸ்ரீன், “நானும் சும்மா ஆடறேன் மாமு” என்று உட்கார்ந்தாள். அவள் டைப்ரைட்டிங் முடித்துவிட்டு வீட்டில் இருந்தவள். காட்டை அதற்கு முன் ஓரிரு முறைதான் ஆடியிருந்தாள். யாரும் அவளைக் கவனிக்கவில்லை.

ஆரம்பித்ததுமே சேஷாத்ரியின் நண்பர்கள் “அடி, அடி, மான் போகுது பார்” என்று கத்தினார்கள். பாய் மேஜையைத் தட்டினார். “பின்னாடி நிக்கறவங்க யாரும் வாயத் தொறக்கக் கூடாது. எவனுக்காவது சொல்லிக் குடுத்தீங்கன்னா அவன் ஆட்டம் கட்!” மாடி அமைதியானது.

நான் என் சாஸ்திரப்படி நடந்தேன். சுள்ளி, குடிசை, நெருப்பு, கொதித்த தண்ணீர். எல்லாம் திட்டப்படி. கடைசி ராத்திரிக்கும் ஒரு திட்டம் இருந்தது. மலைச்சரிவில் ஒரு தேன்கூட்டைக் கண்டுபிடித்து வைத்திருந்தேன். தேன் தின்றால் பசிக்கோடு முழுசாக நிரம்பிவிடும். கடைசிப் பொழுது சாயும்போது தேனை எடுத்துத் தின்றுவிட்டுப் படுத்தால், எழுந்திருக்கும்போது விமானம்.

நடுவில் சேஷாத்ரி போனான். காட்டில் இருந்த தோல்களையெல்லாம் முதுகில் கட்டிக்கொண்டு ஆற்றைக் கடக்கப் பார்த்தான். பாரம் தாங்காமல் ஆள் கல் மாதிரி அடியில் போய்விட்டான். சேஷாத்ரி சிறிது நேரம் குமிழிகளையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு, “மான் சாபம்டா” என்றான். அன்று வரை கணக்கில் வராத தோஷம் அப்போது வந்துவிட்டது போலிருக்கிறது. கூட்டம் முழுவதும் என் பக்கம் நகர்ந்தது.

வேலை என் கைக்கு வந்துவிட்டதாகவே நினைத்தேன். திரும்பி, கூட்டத்துக்குச் சின்னதாக ஒரு பிரசங்கம் செய்தேன். “புதுசா ஆடறவங்க பாத்துக்குங்க. அவசரப்பட்டா ஆறு, நிதானமா இருந்தா நீரு.” (அர்த்தம் கேட்காதீர்கள். அப்போது எனக்கு எதுகை முக்கியமாக இருந்தது.)

பிரசங்கம் முடியும் நேரத்தில் மாடிப்படியில் செருப்புச் சத்தம். கூட்டம் வழி விட்டது. வெள்ளை வேட்டி, தோளில் துண்டு மூட்டை. என் அப்பா.

எங்கள் தெருக்காரர் ஒருவர், “உங்க புள்ள பாய் மாடியில முயல் அடிச்சிக்கினு இருக்கான்” என்று பற்ற வைத்திருக்கிறார். அப்பா கடையைப் பூட்டிவிட்டு நேராக வந்துவிட்டார். வாயைத் திறக்கப் போனவரைப் பாய் கையெடுத்துக் கும்பிட்டு, “நயினாரே, ஆட்டம் நடக்குது. யாராவது பேசினா தம்பிக்குத்தான் நஷ்டம். வேலை விஷயம்” என்றார். சட்டம் என்றால் சட்டம், அப்பாவுக்கு. வாயை மூடிக்கொண்டு, போட்ட ஸ்டூலிலும் உட்காராமல், எனக்குப் பின்னால் வந்து நின்று என் தோளில் கையை வைத்தார்.

திரையில் கடைசிப் பொழுது. என் ஆள் தேன்கூட்டுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தான்.

மவுஸை மெல்ல நகர்த்தினேன். தோளில் ஒரு அமுக்கு விழுந்தது. திரும்பிப் பார்க்கத் தேவையில்லை, அந்த விரல்களைச் சின்ன வயதிலிருந்தே எனக்குத் தெரியும். தேனீக்கள் ரீங்காரம் செய்தன. நான் தேன்கூட்டைப் பார்த்து ஒரு கும்பிடு போடாத குறையாகப் பின்வாங்கினேன். கை தளர்ந்தது.

சரி, கிழங்கு. தோண்டும் குச்சியை எடுத்ததும் மறுபடி அமுக்கு. குச்சியைக் கீழே போட்டேன்.

மிச்சம் பழம்தான். ஆற்றோரத்தில் நல்ல பழ மரங்கள் இருந்தன. ஓடினேன், பறித்தேன், பை நிறைய நிரப்பினேன். பறிக்கிற பரபரப்பில் மேலே பார்க்கவில்லை. நிமிர்ந்தபோது மலைக்குப் பின்னால் சூரியன் இறங்கிவிட்டிருந்தான். காடு நீலமாகி, கறுப்பானது.

பசிக்கோடு சிவப்பில் இருந்தது. ஒரு பழம் போதும், விடிகிற வரை தாங்கும். குடிசைக்குள் போய், நெருப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, பையைத் திறந்தேன். பழங்கள் வரிசையாகத் தெரிந்தன. மவுஸைப் பழத்தின் மேல் கொண்டுபோனேன்.

தோளில் அமுக்கு.

கையை எடுத்தேன். பொழுது சாய்ந்துவிட்டது, நியாயம்தான். ஆனால் கோடு குறைந்துகொண்டே போனது. என் ஆள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு குனிந்தான். மறுபடி மவுஸைக் கொண்டுபோனேன். மறுபடி அமுக்கு, முன்னைவிடப் பலமாக. கையை இழுத்துக்கொண்டேன். சேஷாத்ரி எதிர்ப்பக்கம் நின்று, பழத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டான். நஷ்டம் எனக்கு என்பதால் யாரும் பேசவில்லை. மூன்றாவது முறை அப்பா அமுக்கிய அமுக்கில் என் தோள்பட்டை வலித்தது. இவ்வளவு கோபமா என்று பயந்து கீபோர்டிலிருந்தே இரண்டு கைகளையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

சத்தியமாகச் சொல்கிறேன், அழுகை வந்தது. அந்த வேலை எனக்கு அவ்வளவு வேண்டியிருந்தது. அப்பா முன்னால் இருட்டில் சாப்பிடுகிறவனாக இருக்கவும் முடியவில்லை. என் ஆள் பையைத் தலைக்கு வைத்துப் படுத்தான். கிழக்கே லேசாக வெளுக்க ஆரம்பித்தபோது பசிக்கோடு தீர்ந்தது. அவன் எழுந்திருக்கவில்லை.

அதே நேரம் விமானச் சத்தம் கேட்டது.

என் கம்ப்யூட்டரில் இல்லை. எல்லாரும் திரும்பினார்கள். மூலையில் நஸ்ரீனின் திரையில், ஏரிக்கரையில், ஒரு விமானம் அழகாக இறங்கிக்கொண்டிருந்தது. அவள் ஆள் கொழுகொழுவென்று நின்று கையை ஆட்டிக்கொண்டிருந்தான். விழுந்த இடத்திலேயே குடிசை போட்டு, கைக்கு எட்டியதைப் பறித்துத் தின்று, கரையில் மீன் பிடித்து, ஒழுங்காகத் தூங்கியிருக்கிறாள். எங்கேயும் போகவில்லை, எதையும் கண்டுபிடிக்கவில்லை. “இதுக்கப்புறம் இன்னா பண்ணனும் மாமு?” என்று கேட்டாள். பாய் கொஞ்ச நேரம் தாடியைத் தடவினார். “நாளைக்கு காலைல வந்து கடையத் தொறக்கணும்மா” என்றார்.

பேசலாம் என்று ஆனதும் முதலில் வெடித்தது என் அப்பாதான்.

“ஏன்டா, பையில அவ்ளோ பழம் வெச்சிக்கினு ஏன்டா சாவ வுட்ட?”

“இருட்டிடுச்சே நைனா. நீங்கதானே சாப்டாதன்னு தோள அமுக்கினீங்க?”

“சாப்டுன்னு அமுக்கினேன்டா! மூணு வாட்டி அமுக்கினேன்! கை நோவுது எனக்கு!”

“அப்போ தேனுக்கு அமுக்கினது?”

“அது வோணாம்னு அமுக்கினது. இது வோணும்னு அமுக்கினது. வித்தியாசம் தெரியாதா?”

சேஷாத்ரி தரையில் உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தான். கரீம் பாய் சுவரைப் பிடித்துக்கொண்டார். சரிகை வாங்கக் கீழே வந்திருந்தவர்கள்கூட என்னவென்று மேலே வந்து பார்த்தார்கள். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. அவர் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். “பொம்மைக்கு ஏதுடா விரதம்?” என்றார். பிறகு குரல் இறங்கிவிட்டது. “பொம்மைய வுடு. உனக்கு டைபாய்டு வந்தப்ப ராத்திரியில கஞ்சி ஊத்தலியா நானு? உசுரு போவும்போது கூடவா பொழுது பாத்துக்கினு இருப்பாங்க?”

அந்தக் கஞ்சி எனக்கு ஞாபகம் இருந்தது. அதை ஊற்றிய கைதான் என் தோளில் இருந்தது என்பது மட்டும் அந்த ஆட்டம் முழுக்க எனக்குத் தோன்றவே இல்லை. வெட்கத்தில் அந்த இடத்திலேயே இன்னொரு முறை செத்தால் தேவலை என்றிருந்தது.

கீழே இறங்கியதும் அப்பா வானத்தைப் பார்த்தார். இன்னும் வெளிச்சம் இருந்தது. என்னை ஓட்டலுக்குள் தள்ளிக்கொண்டு போய் இட்லி வாங்கி முன்னால் வைத்தார். “சாப்டு. யாரும் அமுக்கல” என்றார். வேலை போன துக்கத்திலும் நிறையச் சாப்பிட்டேன்.

பொங்கல் முடிந்ததும் வந்தவாசிக்குப் போனேன். தும்மினேன், திட்டு வாங்கினேன், மாமா மகளையே கல்யாணமும் செய்துகொண்டேன். இன்றும் அந்த ஆலையில்தான் இருக்கிறேன். இன்றும் தும்முகிறேன். நஸ்ரீன்தான் பாய் மாடியை வருஷக்கணக்கில் கட்டிக் காத்தாள். புதிதாகக் காடு ஆட வருகிறவர்களிடம் ஒரே ஒரு விதிதான் சொல்வாளாம்: “பழம் இருந்தா சாப்டுங்க.”

எங்கள் வீட்டில் அது நிரந்தரமாகிவிட்டது. யாராவது யாருடைய தோளையாவது தொட்டால் போதும், தொடப்பட்டவர் உடனே “தேனா, பழமா?” என்று கேட்க வேண்டும். என் மகள் பள்ளிக்கூடத்திலும் அப்படிக் கேட்டு, டீச்சர் என்னைக் கூப்பிட்டு விசாரித்தார்.

வயதானபின் அப்பா கடையை மூடிவிட்டு எங்களோடு வந்தவாசிக்கு வந்துவிட்டார். கூடவே சர்க்கரை வியாதியும் வந்தது. ஒரு நாள் விளக்கு வைத்துக் கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும். அவருக்குச் சர்க்கரை இறங்கிவிட்டது. சட்டை முழுக்க வியர்வை, கை நடுங்குகிறது. என் மனைவி வாழைப்பழத்தை உரித்துக்கொண்டு ஓடி வந்தாள். அப்பா ஜன்னலைப் பார்த்தார். வெளியே இருட்டியிருந்தது. கண்ணையும் உதட்டையும் இறுக்க மூடிக்கொண்டார். அவள் கெஞ்சினாள், மகள் அழுதாள், அவர் தலையை மட்டும் ஆட்டினார்.

நான் பின்னால் போய் நின்று அவர் தோளைப் பிடித்து ஒரு அமுக்கு அமுக்கினேன். பலமாகவே அமுக்கினேன்.

கண்ணை மெதுவாகத் திறந்து என்னை அண்ணாந்து பார்த்தார். “தேனா, பழமா?” என்றார், ஈனக் குரலில்.

“பழம் நைனா.”

வாயைத் திறந்தார்.